பொறுங்க டீச்சர்

கல்வி அலுவலகத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவனுக்கு, கடையில் நிற்கும் கூட்டத்தைப் பார்த்தாலே உள்ளே என்ன சீசன் என்று தெரிந்துவிடும். மே, ஜூன் என்றால் மாறுதல் விண்ணப்பம். ஆகஸ்ட் என்றால் பணியாளர் நிர்ணயம், அதாவது மாணவர் எண்ணிக்கைக்கு எத்தனை ஆசிரியர் என்ற கணக்கு. பிப்ரவரி என்றால் வருமான வரி. சீசனே இல்லாமல் வருடம் முழுக்க வருகிறவர்கள் ஒரு வகை உண்டு. அரசு உதவி பெறும் பள்ளிகளின் ஆசிரியர்கள். டேக் கட்டிய கோப்பை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வருவார்கள். "அண்ணே, அப்ரூவல் கருத்துரு. நாலு செட் போடுங்க" என்பார்கள். நியமனத்துக்குக் கல்வி அலுவலரின் ஒப்புதல் கேட்டுப் பள்ளி அனுப்பும் கட்டுதான் கருத்துரு. பள்ளிக் குழுத் தீர்மானம், நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, சான்றிதழ் நகல்கள், அவற்றுக்கு உண்மைத்தன்மைச் சான்று, பணியாளர் நிர்ணய ஆணை, முன்பு அந்த இடத்தில் இருந்தவர் ஓய்வு பெற்ற ஆணை என்று எல்லாம் சேர்த்து அறுபது எழுபது பக்கம் வரும். நாலு செட் என்றால் கடைக்கு நல்ல வியாபாரம். அது குறை சொல்லித் திருப்பி அனுப்பப்பட்டால் மறுபடியும் நாலு செட்.

இதை எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் அந்த வியாபாரமும் அல்ல, அலுவலகமும் அல்ல. 2016-ல் என் வாயிலிருந்து வந்த ஒரு வாக்கியம். அதை எப்படியாவது எழுதித் தொலைத்தால் கொஞ்சம் நிம்மதியாகுமா என்று பார்க்கிறேன்.

அதை நான் யாரிடம் சொன்னேனோ அந்த டீச்சர் 2014 ஜூனில் ஓர் உதவி பெறும் நடுநிலைப் பள்ளியில் இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்தார். ஒருவர் ஓய்வு பெற்றதால் காலியான, அரசு அனுமதித்த பணியிடம். 2013 ஆகஸ்டில் நடந்த ஆசிரியர் தகுதித் தேர்வில் (டெட்) தேர்ச்சி பெற்றிருந்தார். அதாவது டெட் சிக்கலும் கிடையாது. நியமிப்பது பள்ளிக் குழு, சம்பளம் கொடுப்பது அரசு, இரண்டுக்கும் நடுவில் இருப்பது கல்வி அலுவலரின் ஒப்புதல் என்பதெல்லாம் இதைப் படிக்கிறவர்களுக்குத் தெரிந்ததுதான். அன்றைக்கு இருந்தது 1973-ஆம் ஆண்டுத் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டமும் அதன் 1974 விதிகளும். ஒப்புதல் வந்தால் 5,200–20,200 ஊதியக் கட்டு, தர ஊதியம் 2,800. வரும்வரை நிர்வாகம் மாதம் 5,000 கொடுக்கும் என்று தாளாளர் சொன்னாராம். "ஆறு மாசத்துல வந்துடும்மா" என்றும் சொன்னாராம். அவர் பொய் சொல்லவில்லை. அவர் காலத்தில் அப்படித்தான் வந்திருக்கும்.

முதல் கருத்துரு நாலு மாதத்தில் திரும்பி வந்தது. காலிப் பணியிடத்தை நிரப்ப முன் அனுமதி பெறவில்லை என்று காரணம் போட்டிருந்தது. அனுமதிக்கப்பட்ட பணியிடத்துக்கு எதற்கு முன் அனுமதி என்று பள்ளி பதில் எழுதியது. அடுத்த முறை, நடப்பு ஆண்டின் பணியாளர் நிர்ணய ஆணை இணைக்கப்படவில்லை என்று வந்தது. போன வருடத்து ஆணையைத்தான் இணைத்திருந்தோம். நடப்பு ஆண்டுக்கு உரியதை அதே அலுவலகம் அதுவரை வெளியிட்டிருக்கவில்லை. அது வந்ததும் வைத்து அனுப்பினோம். "அனுப்பினோம்" என்று என்னையும் சேர்த்து எழுதுகிறேன் பாருங்கள். டைப் அடித்தவன் நான்தானே. காரணங்களை எதிர்பார்த்து முன்கூட்டியே பதில் எழுதிவைக்கும் அளவுக்குத் தேறிவிட்டேன். எந்த இணைப்பு எத்தனையாவது பக்கம் என்று பொருளடக்கம் போட்டுக் கொடுத்தது என் சொந்த யோசனை. அதில் எனக்கு ஒரு பெருமைகூட இருந்தது.

காசை மிச்சப்படுத்த, சான்றொப்பம் வாங்கிய நகல்களையே டீச்சர் திரும்பத் திரும்பப் பயன்படுத்துவார். பழைய பின்னை ஊக்கால் நெம்பி எடுத்துவிட்டுப் புதுப் பின் அடிக்கச் சொல்வார். மூன்றாவது முறை வந்தபோது அவருடைய பட்டயச் சான்று நகலின் இடது மூலை சல்லடையாகியிருந்தது. பச்சை மைக் கையெழுத்து மங்கி மஞ்சளாகியிருந்தது. "இது தாங்காது டீச்சர், புதுசா வாங்கிடுங்க" என்றேன். "இந்தத் தடவை வந்துடும்ல தம்பி" என்றார்.

அது 2016 நவம்பர். தேதி மறக்காமல் இருப்பதற்குக் காரணம், 500, 1,000 ரூபாய் நோட்டு செல்லாது என்று சொன்ன அதே வாரம். அவர் கையில் ஒரு பழைய 500 ரூபாய்த் தாள் மட்டும்தான் இருந்தது. பரவாயில்லை, அப்புறம் கொடுங்கள் என்றேன். மழை தூறிக்கொண்டிருந்தது. மூன்றாவது மெமோவைப் பிரித்து என் மேசையில் வைத்தார். இந்தத் தடவை கேட்டிருந்தது அதே நிர்வாகத்தின் மற்ற பள்ளிகளில் உபரி ஆசிரியர், அதாவது மாணவர் எண்ணிக்கைக்கு அதிகமாக இருப்பவர், யாரும் இல்லை என்ற சான்று. "மதுரையில ஒரு வக்கீல் இருக்காராம். எங்க ஸ்கூல் சார் ஒருத்தர் சொன்னார். 15,000 ஆகுமாம். போட்டுடலாமா தம்பி?"

அதற்கு நான் சொன்ன பதில் இது. "பொறுங்க டீச்சர். கோர்ட்டுக்குப் போனா ஆபீஸ்ல கோவிச்சுக்குவாங்க. நாளைக்கு உங்களுக்கு இன்கிரிமென்ட்லருந்து பென்ஷன் வரைக்கும் எல்லாம் இதே ஆபீஸ்லதான் ஆகணும். ஜனவரில புது ஆபீசர் வர்றாராம். நல்லவராம்."

நான் இதைக் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அப்படி எண்ணம் இருந்திருந்தால் இவ்வளவு உறுத்தாது. வழக்குப் போட்டவர்களின் கோப்பு ஒரு மேசையைத் தாண்ட மூன்று மாதம் ஆனதை நான் பார்த்திருக்கிறேன். "கோர்ட் கேஸ் டீச்சர்" என்று பெயரே வைத்துவிடுவார்கள். பார்த்ததைத்தான் சொன்னேன். டீச்சரும் சரி என்றார். சல்லடையான நகலுக்குப் பதில் புது நகல் எடுத்துக்கொண்டு, உபரி இல்லை என்ற சான்றையும் வைத்து, நான்காவது கருத்துரு போனது.

17 பி

எல்லாரும் பணம்தான் காரணம் என்பார்கள். நான் அதை முழுக்க மறுக்கவில்லை. எதிர்க்கடையில் இருப்பவனுக்குத் தெரியாத கவர் இல்லை. ஆனால் நான் பார்த்த பெரும்பாலான கோப்புகளில் நின்றது பேராசை அல்ல, பயம். ஓய்வு பெற்ற ஒரு கண்காணிப்பாளர் என் கடை பெஞ்சில் உட்கார்ந்து பேப்பர் படிப்பார். ஒருநாள் கேட்டேவிட்டேன், "ஏன் சார், எல்லாம் சரியா இருந்தும் திருப்பி அனுப்புறாங்க?" அவர் பேப்பரை மடிக்காமலே சொன்னார்: "ஒப்புதல் கொடுத்தது தப்புன்னு தணிக்கையில வந்தா, கொடுத்தவன்கிட்ட பிடிப்பான். 17 பி மெமோ வரும், ரிட்டயர் ஆகும்போது பென்ஷன் நிக்கும். திருப்பி அனுப்பினதுக்கு 17 பி வாங்கினவனை நீ பார்த்திருக்கியா?"

17 பி என்பது பெரிய தண்டனைவரை போகும் ஒழுங்கு நடவடிக்கை மெமோ. அவர் கேட்ட மாதிரி ஒருவனை நான் பார்த்ததில்லை. இன்றுவரை பார்க்கவில்லை.

இதை யோசிக்க யோசிக்கத்தான் திருப்பி அனுப்புவது எவ்வளவு பலமான ஆயுதம் என்று புரிகிறது. "உங்கள் நியமனத்துக்கு ஒப்புதல் இல்லை" என்று ஒரு வரி எழுதிக் கொடுத்திருந்தால், 2014-லேயே டீச்சர் மதுரைக்குப் பஸ் ஏறியிருப்பார். மறுப்பு என்பது கையில் பிடிக்கக்கூடிய காகிதம். அதை நீதிமன்றத்தில் வைத்து ரத்து செய்யச் சொல்லலாம். திரும்பி வந்த கருத்துருவோ மறுப்பும் அல்ல, ஒப்புதலும் அல்ல. "குறைகளை நிவர்த்தி செய்து மீள அனுப்புமாறு" என்று முடியும். எவ்வளவு மரியாதையான வாக்கியம். இன்னும் ஒரே ஒரு காகிதம்தான் பாக்கி என்று நம்பவைக்கிற வாக்கியம். அதை நம்பி நாங்கள் உட்கார்ந்திருந்தோம்.

நல்ல ஆபீசர் வந்தார், உண்மையாகவே நல்லவர்தான், ஒன்றரை வருடத்தில் போய்விட்டார். 2018 மே மாதம் அரசாணை 101 வந்து மாவட்டத் தொடக்கக் கல்வி அலுவலகங்களையே கலைத்துவிட்டது. கோப்புகள் மாவட்டக் கல்வி அலுவலகத்துக்கு மூட்டையாகப் போயின. டீச்சருடைய கோப்பு எந்த மூட்டையில் போனது என்று கண்டுபிடிக்க ஐந்து மாதம். கிடைக்கவில்லை. ஐந்தாவது கருத்துரு. என் கணினியில் அந்தப் பள்ளியின் பெயரில் ஒரு ஃபோல்டர் இருக்கிறது. அதற்குள் "இறுதி", "இறுதி 2", "இதுதான் இறுதி" என்று கோப்புகள். 2019 செப்டம்பரில் உபரி ஆசிரியர்கள் பற்றி அரசாணை 165 வந்தது. அதுவரை ஆணை எதையும் காட்டாமல் சொல்லிக்கொண்டிருந்த காரணத்துக்கு எண்ணும் தேதியும் கிடைத்துவிட்டன. அப்புறம் கொரோனா. நிர்வாகம் கொடுத்துவந்த தொகையும் சில மாதம் நின்றது. டீச்சர் வீட்டில் ஆன்லைன் வகுப்புக்கு ஒரே போன், அதைப் பகலில் அவர் பாடம் நடத்த வைத்துக்கொண்டார், மாலையில் மகன் பாடம் கேட்க வாங்கிக்கொண்டான்.

2021 ஆகஸ்டில் ஒருநாள் கடைக்கு வந்து, "தம்பி, வக்காலத்து ஃபார்ம் ஒரு ஜெராக்ஸ்" என்றார். என்னிடம் யோசனை கேட்கவில்லை.

மதுரையில்

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2004 ஜூலையில் வந்தது. அதற்கு முன்னால் கன்னியாகுமரி ஆசிரியர்கூடச் சென்னைக்கு ரயில் ஏற வேண்டும். இப்போது ஒத்தக்கடையில் இறங்கினால் போதும். ஆசிரியர் நியமன வழக்குகள் அங்கே எவ்வளவு சகஜம் என்றால், வக்கீல் குமாஸ்தாவுக்கு மனுவின் முதல் பத்துப் பத்திகளை டைப் அடிக்கவே தேவையில்லை, பெயரையும் தேதியையும் மாற்றினால் போதும். முதல் வழக்கில் கிடைக்கிற உத்தரவும் அநேகமாக ஒரே அச்சு. மனுவைத் தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து 12 வாரத்துக்குள் உத்தரவிடுங்கள் என்பார்கள். ஜெயித்துவிட்டோம் என்று நினைத்து டீச்சர் கடைக்கு இனிப்பு கொண்டுவந்தார். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் நீதிமன்றம் ஒப்புதல் கொடுக்கச் சொல்லவில்லை. பதில் சொல்லத்தான் சொல்லியிருந்தது. ஏழு வருடத்துக்கு மேல் ஆன பிறகு, 2022-ல், அலுவலகம் முதன்முறையாகப் பதில் சொன்னது: நிராகரிக்கப்படுகிறது, அரசாணை 165-ன்படி நிர்வாகத்தில் உபரி உள்ளது.

டெட் தேர்ச்சி இல்லாதவர்களின் வழக்குகள் வேறு ரகம், அவற்றை இதோடு குழப்பக் கூடாது. அங்கே டெட்டைக் கட்டாயமாக்கிய அரசாணை 181, பிறகு 2014-ல் சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கட்டாயக் கல்விச் சட்டம் பொருந்தாது என்ற உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, பிறகு 2025 செப்டம்பர் 1-ல் பணியில் இருப்பவர்களும் தேற வேண்டும் என்ற தீர்ப்பு, அதில் சிறுபான்மைப் பள்ளிகள் பற்றிய கேள்வி மட்டும் பெரிய அமர்வுக்குப் போனது என்று சட்டமே நகர்ந்துகொண்டிருக்கிறது. இரண்டு பக்கமும் வாதாட விஷயம் இருக்கிறது. டீச்சருடைய வழக்கில் வாதாடவே ஒன்றுமில்லை. 2019-ல் வந்த அரசாணையை 2014-ல் நடந்த நியமனத்தின் மேல் போட முடியாது என்று இரண்டாவது வழக்கில் நீதிபதி சொல்லிவிட்டார். அதைச் சொல்ல ஒன்பது வருடம் தேவைப்பட்டதுதான் எனக்குப் புரியாதது.

ஆனால் அதே இரண்டாவது வழக்கில்தான் அரசுத் தரப்பின் பதில் மனு வந்தது. அதை நகலெடுக்க டீச்சர் என்னிடம்தான் கொடுத்தார். ஓடுகிற தாளை வாசிப்பது எனக்குப் பழக்கம். ஏழாவது பத்தி என்று நினைக்கிறேன். மனுதாரர் 2014-ல் நியமிக்கப்பட்டதாகச் சொல்கிறார், 2021 வரை நீதிமன்றத்தை அணுகவில்லை, இந்தக் காலதாமதத்துக்கு எந்த விளக்கமும் தரவில்லை, தம் உரிமை மேல் உறங்கிக் கிடந்தவருக்குப் பணப்பயன் கோர உரிமை இல்லை என்று இருந்தது.

மெஷினை நிறுத்திவிட்டேன். உறங்கிக் கிடந்தவர். ஐந்து கருத்துருவையும் வாங்கி, முத்திரை குத்தி, திருப்பி அனுப்பியும் தொலைத்தும் வைத்த அலுவலகம் இதை எழுதியிருந்தது. "நிவர்த்தி செய்து மீள அனுப்புமாறு" என்று எழுதியவர்களும் அவர்கள்தான், ஏன் அனுப்பிக்கொண்டிருந்தாய், ஏன் வழக்குப் போடவில்லை என்று கேட்கிறவர்களும் அவர்கள்தான். கோபம் வந்தது. அடுத்த நிமிடமே கோபம் போய் வேறொன்று வந்தது. அந்தக் காலதாமதத்துக்கு விளக்கம் என்னிடம் இருந்தது. மனுவில் எழுத முடியாத விளக்கம். எதிர்க்கடைக்காரன் பொறுங்கள் என்றான்.

டீச்சர் கவனித்திருக்க வேண்டும். "என்ன தம்பி, பேப்பர் மாட்டிக்கிச்சா?" என்றார். ஆமாம் என்று சொல்லி மூடியைத் திறந்து மூடினேன்.

2023-ல் தீர்ப்பு வந்தது. நியமன நாளான 2014 ஜூன் முதல் ஒப்புதல், பணித் தொடர்ச்சி, ஊதிய நிர்ணயம். பணமாகக் கிடைப்பது மட்டும் முதல் வழக்குத் தாக்கல் செய்ததற்கு முந்தைய மூன்று ஆண்டுகளிலிருந்து. இதற்கு அடிப்படை தர்சேம் சிங் வழக்கில் 2008-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது என்று வக்கீல் விளக்கினாராம். மாதா மாதம் தொடர்கிற பாதிப்பு என்பதால் வழக்கையே தள்ள மாட்டார்கள், ஆனால் தாமதமாக வந்தால் நிலுவை பொதுவாக மூன்று வருடத்துக்குத்தான். அதற்குப் பிறகும் அலுவலகம் அசையவில்லை. அவமதிப்பு வழக்குப் போட ஒரு வருடம்தான் கெடு, அதைத் தாண்டினால் அதுவும் போச்சு என்று வக்கீல் அவசரப்படுத்தி, நோட்டீஸ் போன பிறகு, 2024 பிப்ரவரியில் ஒப்புதல் ஆணை வந்தது. வழக்குப் போட, மேல்முறையீடு செய்ய, அவமதிப்பு கேட்க என்று டீச்சர் பக்கம் எல்லாவற்றுக்கும் கடிகாரம் ஓடுகிறது. கருத்துரு கிடந்த மேசைக்கு மேலே எந்தக் கடிகாரமும் ஓடவில்லை.

ஐம்பது வரிகள்

நிலுவைப் பட்டியலும் என் கடையில்தான் தயாரானது. பெற வேண்டியது, பெற்றது, வித்தியாசம் என்று மூன்று கட்டம், மாதத்துக்கு ஒரு வரி. 2014 ஜூன் முதல் தொடங்க வேண்டும், ஏனென்றால் ஆண்டு ஊதிய உயர்வு அங்கிருந்து ஏறிக்கொண்டே வரும். நடுவில் ஏழாவது ஊதியக் குழுவின்படி அடிப்படை 20,600-லிருந்து தொடங்கும் புதுக் கட்டுக்கு மாற்றி நிர்ணயிக்க வேண்டும். எல்லாம் கணக்கிட்டுப் போட்டேன். ஆனால் 2014 ஜூனிலிருந்து 2018 ஜூலை வரை ஒவ்வொரு வரியிலும் கடைசிக் கட்டத்தில் தொகைக்குப் பதில் ஒரே சொல்தான் வரும். அலுவலகத் தமிழில் "கருத்தியலாக". எல்லாரும் சொல்வது நோஷனல். அந்த மாதங்களில் அவர் வேலை பார்த்தார், சம்பளம் ஏறியது, இன்கிரிமென்ட் வந்தது, எல்லாம் கருத்தில். முதல் வரியில் அடித்துவிட்டுக் கீழே இழுத்தால் எக்செல் தானாக நிரப்பிவிடும். நான் இழுக்கவில்லை. ஒவ்வொன்றாக அடித்தேன். ஐம்பது முறை. அதனால் யாருக்கும் ஒரு பைசா பிரயோஜனமில்லை என்று தெரியும்.

2016 நவம்பரில் அவர் மதுரைக்குப் போயிருந்தால் அந்த மூன்று வருடக் கணக்கு முழுவதையும் மூடியிருக்கும். ஒரு வரிகூட நோஷனல் ஆகியிருக்காது. இதை டீச்சர் எப்போதாவது கணக்குப் போட்டுப் பார்த்தாரா என்று எனக்குத் தெரியாது. கணக்கு டீச்சர்தான், பார்த்திருப்பார். ஒருமுறை நானே பேச்செடுத்தேன், "அன்னைக்கு நான்தான் டீச்சர் உங்களைப் பொறுக்கச் சொன்னேன்" என்று. அவர் சட்டென்று, "எங்க வீட்டுக்காரரும்தான் சொன்னாரு, எங்க ஹெச்.எம்.மும்தான் சொன்னாரு, நீங்க மட்டுமா" என்றார். ஆறுதலுக்குச் சொன்னதாக இருக்கலாம். எனக்கு அது இன்னும் பயமாகத்தான் இருந்தது. அத்தனை பேரும் சொல்லியிருக்கிறோம்.

நல்லதும் இருக்கிறது. சேர்க்கை 2014 என்பதால் அந்த வருட ஜூனிலேயே பத்து வருடம் முடிந்து தேர்வுநிலை ஊதியம் கிடைத்தது. நிலுவை மொத்தமாக ஒரே வருடத்தில் வந்ததில் வருமான வரி பயமுறுத்தியது. அன்றைய வருமான வரிச் சட்டத்தின் பிரிவு 89-ன்கீழ் நிவாரணம் கேட்கப் படிவம் 10-இ போட வேண்டும், அதையும் ரிட்டர்ன் தாக்கல் செய்வதற்கு முன்பே போட வேண்டும் என்று நான்தான் உட்கார்ந்து செய்து கொடுத்தேன். காசு வேண்டாம் என்றேன். டீச்சர் விடவில்லை. "அந்த மழை நாள் பாக்கியும் சேர்த்து" என்று 500 ரூபாய்த் தாள் ஒன்றை மேசையில் வைத்தார். புது நோட்டு. அன்றைய பாக்கி 64 ரூபாய்தான்.

போன மாதம் ஒரு பையன் வந்தான். இருபத்தாறு, இருபத்தேழு வயசு இருக்கும், வேறொரு பள்ளி. முதல் மெமோ கையில் இருந்தது. இணைப்புகளைச் சரிபார்த்து அடுக்கிக்கொண்டே சொன்னான், "எங்க தாளாளர் பொறுக்கச் சொல்றார் அண்ணே. கோர்ட்டுக்குப் போனா ஆபீஸ்ல கோவிச்சுக்குவாங்களாம்."

நான் பின் அடிப்பதை நிறுத்தினேன். டீச்சருடைய நிலுவைப் பட்டியலைத் திறந்து, பெயரும் பள்ளியும் இருந்த மேல் இரண்டு வரியை மறைத்துவிட்டு, மானிட்டரை அவன் பக்கம் திருப்பி வைத்தேன். அவன் மவுஸை வாங்கிக் கீழே உருட்டிக்கொண்டே போனான்.

"என்னண்ணே இது, எல்லா மாசத்துக்கும் நோஷனல்னு போட்டிருக்கு?"

"இன்னும் கீழ போ" என்றேன்.